ஆல்மா பேசிக்கொண்டிருந்தாள்

சென்ற இதழில் 'பெர்சோனா' பற்றி வெளிவந்த பதினோரு பக்கக் கட்டுரையை இரண்டு முறை படித்தேன். முதல் முறை கோபம் வந்தது. இரண்டாம் முறை வெட்கம். அதில் இருப்பதில் பாதியை நாற்பது வருஷங்களுக்கு முன் இதே மாதிரி இன்னொரு பத்திரிகையில் நானே எழுதியிருக்கிறேன். கட்டுரையாளர் அதைப் படித்திருக்க வாய்ப்பில்லை. முந்நூறு பிரதி போட்ட பத்திரிகை அது. அதிலும் நூறு, ஆசிரியர் வீட்டுப் பரணில் கரையானுக்குப் போயிற்று. என்னைப் படிக்காமலேயே அவர் நான் நின்ற இடத்தில் வந்து நிற்கிறார் என்றால் கோளாறு அவரிடம் மட்டும் இல்லை. இது நம் வட்டத்தில் பரம்பரையாக வருவது. அதனால்தான் எழுதவேண்டியிருக்கிறது.

கட்டுரையின் சாரம் இவ்வளவுதான்: சுயம் ஒரு முகமூடி, அதைக் கழற்றினால் கீழே இன்னொரு முகமூடி. இதைக் கண்டுகொண்ட நடிகை எலிசபெத் வோக்லர் பேச்சை நிறுத்துகிறாள். அவளுடைய மௌனத்தின் முன்னால், சாதாரணப் பிரக்ஞை கொண்ட ஒரு நர்ஸ் சிதறிப்போகிறாள். கடைசியில் இரண்டு முகங்களும் ஒரே முகம். ஆகவே மௌனம்தான் நவீன கலைஞனுக்கு எஞ்சியிருக்கும் ஒரே யோக்கியமான மொழி. இதைச் சொல்ல லக்கான், நாகார்ஜுனர், ரமணர் மூவரும் துணைக்கு அழைக்கப்பட்டிருக்கிறார்கள். நாகார்ஜுனர் பாவம், ஸ்வீடனுக்குக் கூப்பிட்டால் குளிரும்.

படம் பார்க்காதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1966ல் வந்தது. இங்மர் பெர்க்மன் எழுதி இயக்கியது. ஒன்றரை மணி நேரத்துக்கும் குறைவு, கறுப்பு வெள்ளை. 'எலெக்ட்ரா' நாடகத்தின் நடுவில் எலிசபெத் வோக்லர் பேச்சற்று நிற்கிறாள். சிரிப்பு வந்துவிட்டது என்று அப்புறம் காரணம் சொல்கிறாள். மறுநாளிலிருந்து யாரோடும் பேசுவதில்லை. உடம்புக்கும் ஒன்றுமில்லை, புத்திக்கும் ஒன்றுமில்லை என்கிறாள் டாக்டர். பார்த்துக்கொள்ள ஆல்மா என்ற 25 வயது நர்ஸை நியமிக்கிறார்கள். டாக்டரின் கடற்கரை வீட்டுக்கு இருவரும் போகிறார்கள். அங்கே ஒருத்தி பேசுகிறாள், ஒருத்தி கேட்கிறாள். எலிசபெத்தாக லிவ் உல்மன். ஆல்மாவாக பிபி ஆண்டர்சன். ஒளிப்பதிவு ஸ்வென் நிக்விஸ்ட். மற்றபடி இதில் கதை என்று தேடுகிறவனுக்குக் கிடைப்பது கொஞ்சம்தான்.

நான் இதை முதலில் பார்த்தது 1979ல், சென்னையில் ஒரு திரைப்படச் சங்கத்தின் திரையிடலில். 16 மி.மீ. பிரதி. சுவர் விசிறிகளின் சத்தமும் புரொஜக்டரின் சத்தமும் ஒன்றையொன்று மிஞ்சிக்கொண்டிருந்தன. ஆங்கில சப்டைட்டில் வெள்ளை எழுத்தில். 'பெர்சோனா' எவ்வளவு வெள்ளையான படம் என்பது பார்த்தவர்களுக்குத் தெரியும். ஆஸ்பத்திரிச் சுவர் வெள்ளை, விரிப்பு வெள்ளை, நர்ஸின் உடுப்பு வெள்ளை, கடலோரத்து வானமும் வெள்ளை. ஆல்மா பேசப் பேச எழுத்துக்கள் அவளுடைய உடுப்பிலேயே கரைந்துபோய்க்கொண்டிருந்தன. வரிக்கு இரண்டு சொல் பிடிபட்டால் அதிர்ஷ்டம். எலிசபெத் விஷயத்தில் இந்தத் தொல்லையே இல்லை. அவள்தான் பேசுவதில்லையே! அன்று எங்களுக்கு முழுசாகக் கிடைத்தவள் அவள் ஒருத்திதான். ஆல்மா எங்களுக்கு ஒரு ஸ்வீடிஷ் சத்தம்.

வெளியே வந்து டீக்கடையில் நின்று இரவு பதினொன்றரை வரை மௌனத்தைப் பற்றிப் பேசினோம், பேசினோம், அப்படிப் பேசினோம். ஒரு மாதத்தில் என் கட்டுரை வந்தது. அதற்கு அஸ்திவாரம் படிக்க முடியாமல் போன சப்டைட்டில்தான் என்பதை ஒப்புக்கொள்ள எனக்கு இத்தனை வருஷம் பிடித்திருக்கிறது. போதாக்குறைக்கு, அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் ஓடிய பழைய பிரதிகளில் ஆல்மாவின் அந்த ராத்திரிப் பேச்சின் மொழிபெயர்ப்பிலேயே கை வைத்திருந்தார்கள். தணிக்கை அதிகாரிக்குக்கூட அவள் பேச்சில் விஷயம் இருப்பது தெரிந்திருக்கிறது, எங்களுக்குத் தெரியவில்லை. கட்டுரையாளருக்கு இந்தச் சாக்கு எதுவும் இல்லை. இன்று கறுப்பு விளிம்பு கட்டிய எழுத்தில், வேண்டிய இடத்தில் நிறுத்தி, பின்னுக்குத் தள்ளி, நள்ளிரவில் வீட்டிலிருந்தபடியே பார்க்கலாம். அப்படிப் பார்த்துவிட்டும் அவருக்கு ஆல்மா 'சாதாரணப் பிரக்ஞை'.

அந்தச் சாதாரணப் பிரக்ஞை என்ன சொல்கிறது என்று கேட்போம். மழை பெய்யும் ராத்திரி. இருவரும் குடித்திருக்கிறார்கள். ஆல்மா நாற்காலியில், எலிசபெத் படுக்கையில். பல வருஷம் முன்னால் ஒரு கடற்கரையில் காதரீனா என்ற பெண்ணோடு வெயிலில் படுத்திருந்தபோது முன்பின் தெரியாத இரண்டு பையன்கள் வந்ததையும் அதற்குப் பிறகு நடந்ததையும் ஆல்மா சொல்கிறாள். அன்று இரவே தனக்கு நிச்சயிக்கப்பட்டவனோடு இருந்ததை, கர்ப்பமானதை, கலைத்ததைச் சொல்கிறாள். பெர்க்மன் ஒரு துண்டுக் காட்சிகூடக் கடற்கரையைக் காட்டவில்லை. ஒரு குரல், இரண்டு முகங்கள், ஒரு அறை. அவ்வளவில் அந்த வெயிலும் மணலும் கூச்சமும் ஆனந்தமும் வந்துவிடுகின்றன. எழுதுகிறவன் மணிக்கணக்கில் உட்கார்ந்து படிக்கவேண்டிய இடம் இது. சொல் செத்துவிட்டது என்று நிரூபிக்க இந்தப் படத்தை எடுத்துக்கொள்கிறவர், வெறும் சொல்லாலேயே நிற்கிற இந்தக் காட்சியை என்ன செய்வார்? கட்டுரையாளர் செய்தது சுலபமான காரியம்: விட்டுவிட்டார்.

சொல்லி முடித்து அழும்போது ஆல்மாதான் அந்தக் கேள்வியைக் கேட்கிறாள், ஒரே சமயத்தில் ஒருத்தி இரண்டு ஆளாக இருக்க முடியுமா என்று. தான் நம்பி வந்ததெல்லாம் அப்போது என்ன ஆகிறது என்று. அதாவது 'உடைந்த சுயம்' என்ற விஷயத்தைப் படத்தில் முதலில் எழுப்புகிறவள் நடிகை இல்லை, நர்ஸ். தத்துவம் படித்துவிட்டு அவள் எழுப்பவில்லை. செய்த காரியமும் நம்புகிற காரியமும் பொருந்தவில்லை, அது வலிக்கிறது, அதனால் கேட்கிறாள். இந்த வலியை எடுத்துவிட்டு உடைசலை மட்டும் வைத்துக்கொண்டால் அது நம் கவிதைகளில் கடந்த ஐம்பது வருஷமாக உடைந்துகொண்டிருக்கும் கண்ணாடி மாதிரி ஆகிவிடும். எத்தனை கண்ணாடி! ஒருவர் காலிலும் குத்தியதில்லை.

'பெர்சோனா'வில் உடையும் கண்ணாடி குத்துகிறது. அதற்கு முன்னால் கடிதம். எலிசபெத் எழுதிய கடிதங்களைத் தபாலில் சேர்க்க ஆல்மா காரில் போகிறாள். டாக்டருக்கு எழுதிய உறை ஒட்டப்படவில்லை. படிக்கிறாள். அந்த ராத்திரி அழுதுகொண்டு சொன்னதெல்லாம் அதில் இருக்கிறது, கடற்கரை, பையன்கள், கருக்கலைப்பு. கூடவே, இவளைக் கவனித்துப் பார்ப்பது சுவாரஸ்யமாக இருக்கிறது என்ற ஒரு குறிப்பு. எழுதியவளிடம் துவேஷம் இல்லை. அன்புகூட இருக்கிறது. ஒரு பூச்சியைக் குப்பியில் போட்டு மேஜைமேல் வைத்துக்கொள்கிறவனுக்குப் பூச்சியின் மேல் இருக்கிற அன்பு.

கட்டுரையாளர் போற்றும் மௌனம் எப்படிப்பட்டது என்று இங்கே தெரிந்துவிடுகிறது. வாய் பேசவில்லை, கை எழுதிக்கொண்டுதான் இருந்திருக்கிறது. மொழி பொய் என்று துறந்தவள் மொழியைத் தனக்குச் சமமானவர்களுக்காகப் பத்திரப்படுத்தி வைத்திருக்கிறாள். டாக்டருக்குக் கடிதம், நர்ஸுக்கு மௌனம். இந்த ஏற்பாட்டுக்கு நாகார்ஜுனர் எதற்கு?

டாக்டரும் படத்தின் தொடக்கத்திலேயே எச்சரித்துவிடுகிறாள். எலிசபெத்தைப் பார்த்து அவள் பேசுகிற அந்த நீண்ட பேச்சை எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள், 'தோற்றமளிப்பது', 'இருப்பது' என்ற பகுதியை மட்டும். பேச்சு அங்கே முடியவில்லை. மௌனமும் ஒரு வேஷம்தான், அலுக்கும்வரை நடித்துவிட்டு மற்ற வேஷங்களைப் போலவே இதையும் ஒருநாள் களைந்துவிடுவாய் என்று முடிக்கிறாள். படத்தின் உள்ளேயே இருக்கிற இந்த விமரிசனத்தைத் தாண்டிப்போய் எலிசபெத்துக்கு மாலை போடவேண்டுமென்றால் கண்ணை மூடிக்கொண்டுதான் போகவேண்டும். 1958ல் வந்த 'முகம்' என்ற பெர்க்மன் படத்திலும் ஒரு வோக்லர் வருகிறான், ஜாலவித்தைக்காரன், ஊமை வேஷம் போடுகிறவன். பெயரை பெர்க்மன் சும்மா மறுபடி வைத்திருக்க மாட்டார்.

கடிதத்துக்குப் பிறகு கண்ணாடி. வீட்டுக்கு வெளியே ஒரு கிளாஸ் கீழே விழுந்து உடைகிறது. ஆல்மா பொறுக்குகிறாள், பெருக்குகிறாள். ஒரு சில்லு மட்டும் கிடக்கிறது. அதைப் பார்க்கிறாள். எடுக்கவில்லை. உட்கார்ந்து காத்திருக்கிறாள். எலிசபெத் வெறுங்காலோடு அப்படியும் இப்படியும் போகிறாள். பார்க்கிற நமக்குக் கால் கூசுகிறது. கடைசியில் மிதித்துவிடுகிறாள். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்கிறார்கள், எலிசபெத்துக்குப் புரிந்துவிட்டது. ஆல்மா உள்ளே போய் ஜன்னல் திரைக்குப் பின்னால் நிற்கிறாள். அந்த இடத்தில்தான், ஆல்மாவின் முகத்தின் மேல்தான், பிலிம் கிழிகிறது. நடுவில் ஒரு விரிசல் ஓடி, பொத்தல் விழுந்து எரிந்து, திரை வெறும் வெள்ளையாகிறது.

இந்தப் படத்தைப் பரிசோதனைப் படம் என்று சொல்வதற்கு எல்லோரும் காட்டும் அத்தாட்சி இதுதான். கட்டுரையாளர் 'திரை ஊடகத்தின் தன்னுணர்வு' என்று ஒரு வரியில் எழுதிவிட்டுப் போய்விடுகிறார். அந்தத் தன்னுணர்வு ஏன் இருபது நிமிஷம் முன்னால் வரவில்லை? எலிசபெத் டெலிவிஷனில் வியத்நாம் பிக்ஷு தீக்குளிப்பதைப் பார்த்துச் சுவரோடு ஒட்டிக்கொள்ளும்போது ஏன் பிலிம் எரியவில்லை? அங்கே எரிந்திருந்தால் அழகான உருவகமாக இருந்திருக்கும். எரிவது, ஒரு நல்ல பெண் முதல் தடவையாக இன்னொருத்திக்குத் தெரிந்தே தீங்கு செய்கிற இடத்தில். சிதறுகிறது என்று சொல்கிறோமே அந்தப் பார்வைக்கு இங்கே தேதி இருக்கிறது, காரணம் இருக்கிறது, குற்றவாளி இருக்கிறாள். ஒருத்தி இல்லை, இரண்டு பேர். படம் திரும்பி வரும்போது எல்லாம் மங்கல்; அறையில் யாரோ நடமாடுவது ஒரு கறையாகத் தெரிகிறது; கொஞ்சம் கொஞ்சமாகத்தான் ஃபோகஸ் வருகிறது. நம்பிக்கைத் துரோகத்துக்குப் பிறகு உலகம் அப்படித்தான் திரும்பி வரும். அனுபவித்தவர்களுக்குத் தெரியும்.

பிக்ஷுவைப் பற்றிச் சொன்னேன். எலிசபெத்தின் மௌனத்துக்கு உலகத்தின் கொடுமை காரணம் என்ற வாதத்துக்கு அந்தக் காட்சிதான் ஆதாரமாகக் காட்டப்படுகிறது. அவள் பேச்சை நிறுத்தியது அதற்கு முன்னால் என்ற சின்ன விவரம் இருக்கட்டும். படத்தில் இரண்டு புகைப்படங்கள் இருக்கின்றன. ஒன்று அவளுடைய மகனுடையது, கணவனின் கடிதத்தோடு ஆஸ்பத்திரிக்கு வருகிறது. அதைக் கிழிக்கிறாள். இன்னொன்று வார்ஸா யூதச் சேரியில் நாஜித் துப்பாக்கிகளுக்கு முன் கைகளைத் தூக்கி நிற்கும் சிறுவன். ஒரு புத்தகத்துக்குள் அகப்படுகிறது. அதை மேஜை விளக்கில் சாய்த்து வைத்துப் பார்க்கிறாள், பார்த்துக்கொண்டே இருக்கிறாள். காமிரா அந்தப் படத்தின் ஒவ்வொரு மூலைக்கும் போய் வருகிறது. தூரத்துச் சிறுவனைப் பார்க்க முடிகிறது, வீட்டுச் சிறுவனைப் பார்க்க முடியவில்லை. இதை நான் பழிப்பாகச் சொல்லவில்லை. வார்ஸாப் படத்தைப் பார்க்காதே என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தவர் பெர்க்மன். அதில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு எலிசபெத்தை 'யுகத்தின் மனசாட்சி' ஆக்குகிறவர் படத்தைப் பார்க்கவில்லை, தன்னைப் பார்த்துக்கொள்கிறார்.

இனி அந்தப் பிரசித்தமான முகம். கிழித்த புகைப்படத்தைக் கையால் மூடியபடி எலிசபெத் உட்கார்ந்திருக்கிறாள். எதிரே ஆல்மா. இருவருக்கும் கறுப்பு உடை, தலையில் ஒரே மாதிரி பட்டை. எலிசபெத் எப்படித் தாயானாள், பிள்ளையை எப்படி வெறுத்தாள், அது சாகவேண்டும் என்று எப்படி விரும்பினாள் என்று ஆல்மா சொல்கிறாள். முழுப் பேச்சும் கேட்கிறவளின் முகத்தின் மேல். முடிகிறது. பிறகு அதே பேச்சு, முதலிலிருந்து, சொல் மாறாமல் இரண்டாம் முறை. இப்போது சொல்கிறவளின் முகத்தின் மேல். 1979ல் இந்த இடத்தில் ரீல் மாறிப்போய்விட்டது என்று பின்வரிசையில் ஒருவர் கத்தினார்.

இது ஏன் இரண்டு முறை? இருவரும் ஒன்று என்று காட்ட என்கிறார் கட்டுரையாளர். ஒன்று என்றால் ஒரு முறை போதுமே. என் புத்திக்கு எட்டுவது இது: முதல் முறை நாம் எலிசபெத்தைப் பார்க்கிறோம், அவள் முகத்தில் குற்றம் ஓடுவதைப் பார்க்கிறோம், சொல்கிறவள் வெறும் குரல். இரண்டாம் முறைதான் சொல்கிறவளுக்கும் ஒரு முகம் இருப்பது தெரிகிறது. வேண்டாத பிள்ளையைப் பற்றி இவ்வளவு துல்லியமாக அவளுக்கு எப்படித் தெரியும் என்ற கேள்வி அப்போது நம்மைப் பிடிக்கிறது. கருவைக் கலைத்தவள் அவள். தன் புண்ணிலிருந்து பேசுகிறாள். கேட்கிறவளை மட்டுமே பார்க்கப் பழகிப்போன கண்ணை பெர்க்மன் கழுத்தைப் பிடித்துத் திருப்புகிறார். நாற்பது வருஷம் முன்னால் என்னைத் திருப்பவில்லை. அவர் மேல் தப்பில்லை.

அதன் முடிவில் இரண்டு பாதிகள் ஒட்டி ஒரு முகமாகின்றன. ஐக்கியம், அத்வைதம், என்னென்னவோ சொல்லப்படுகிறது. எடிட்டிங் மேஜையில் இதைப் பார்த்தபோது உல்மனும் ஆண்டர்சனும் ஆளுக்கு ஆள் அது மற்றவளுடைய முகம் என்று நினைத்ததாக பெர்க்மன் பின்னால் சொல்லியிருக்கிறார். தன் முகம் என்று இருவருமே எண்ணவில்லை. முகம் இணைகிற அந்தக் கணத்தில் ஆல்மா கத்துவதும் தான் எலிசபெத் இல்லை, நர்ஸ் ஆல்மா என்றுதான். இணைப்பைப் படத்துக்குள்ளும் வெளியிலும் யாருமே ஒத்துக்கொள்ளவில்லை! ஒத்துக்கொண்டவர்கள் விமரிசகர்கள் மட்டும். அந்த முகத்தை நிதானமாகப் பாருங்கள். கண்கள் ஒன்றுக்கொன்று ஒத்துப்போவதில்லை. நடுவில் தையல் தெரிகிறது.

எது கனவு, எது நனவு என்று துப்புத் துலக்கும் வேலையை நான் செய்யப்போவதில்லை. அது வீண் வேலை என்று சூசன் சொன்டாக் 1967லேயே எழுதிவிட்டார், சரியாகவே எழுதினார். மூடுபனியில் எலிசபெத் ஆல்மாவின் அறைக்கு வந்தாளா, அவள் கணவன் உண்மையிலேயே வந்தானா, எனக்குக் கவலையில்லை. ஆனால் எல்லாமே நிச்சயமற்றது என்ற புகைமூட்டத்துக்குள் கடிதத்தையும் தள்ளிவிடுவதுதான் மோசடி. கடிதம் எழுதப்பட்டது. உறை திறந்திருந்தது.

படத்தின் பின்னணியும் இந்தப் பக்கம்தான் கையைக் காட்டுகிறது. 1963லிருந்து ஸ்டாக்ஹோமின் அரசு நாடக அரங்குக்கு பெர்க்மன் தலைவராக இருந்தார். 1965ல் நிமோனியா வந்து ஆஸ்பத்திரியில் படுத்தார். 'நரமாமிசம் தின்பவர்கள்' என்ற பெயரில் திட்டமிட்டிருந்த பெரிய படம் அதனால் நின்றுபோயிற்று. ஆஸ்பத்திரியில் எழுத ஆரம்பித்தது 'பெர்சோனா'. பெயர் போய்விட்டது, விஷயம் போகவில்லை. கடைசிப் பகுதியில் ஆல்மாவின் கையிலிருந்து எலிசபெத் ரத்தம் உறிஞ்சுகிறாள், ஆல்மா அவளைச் சளைக்காமல் அறைகிறாள். அதே 1965ல் எராஸ்மஸ் பரிசு பெற்றபோது எழுதிய 'பாம்புச் சட்டை' என்ற கட்டுரையில் கலைக்கு இன்று பெரிய அர்த்தம் ஒன்றும் இல்லை என்று பெர்க்மன் சொல்கிறார். பிறகு ஏன் செய்கிறாய் என்று தன்னையே கேட்டுக்கொண்டு, ஆவல் என்று பதில் சொல்கிறார். மனிதர்களைப் பற்றிய தீராத ஆவல். எலிசபெத்தின் கடிதத்தில் இருப்பதும் அதுதானே? தன் தொழிலின் மூலதனத்தை எடுத்து அதை ஒரு குற்றப் பத்திரிகையாகப் படித்துக் காட்டுகிற தைரியம் அந்த மனிதரிடம் இருந்தது. எலிசபெத் அவருடைய சாயல். அதனால்தான் அவளை மன்னிக்கவில்லை. இந்தப் படம் தன் உயிரைக் காப்பாற்றியது என்று பின்னால் அவர் எழுதியதை நான் நம்புகிறேன்.

ஸ்ட்ரிண்ட்பெர்க் 1889ல் 'வலியவள்' என்று ஒரு சின்ன நாடகம் எழுதினார். இரண்டு நடிகைகள்; ஒருத்தி மட்டும் பேசுகிறாள், மற்றவள் கடைசிவரை வாய் திறப்பதில்லை. யார் வலியவள் என்பது நாடகம் பார்ப்பவருக்கு விடப்பட்ட வழக்கு. பெர்க்மன் அந்த மண்ணிலிருந்து வந்தவர், அந்த வழக்கைத்தான் மறுபடி எடுக்கிறார். ஆனால் ஸ்ட்ரிண்ட்பெர்க்கில் இருவருக்கும் ஒரே தொழில், ஒரே அந்தஸ்து. இங்கே ஒருத்தி பிரபல நடிகை, மற்றவள் சம்பளத்துக்கு அவளைப் பார்த்துக்கொள்கிறவள். மௌனம் ஒரு வசதி. ஆல்மா நாளைக்கே மௌனமானால் அவளுக்கு யாரும் கடற்கரை வீடு தரமாட்டார்கள், வேலையிலிருந்து எடுத்துவிடுவார்கள். கட்டுரையாளர் இடதுசாரி என்று கேள்வி. இந்த வித்தியாசம் அவர் கண்ணில் படவில்லை.

என் கண்ணிலும் எப்படிப் பட்டது என்று சொல்லிவிடவேண்டும். படத்தைத் திரும்பப் பார்த்ததால் மட்டும் இல்லை.

1983ல் என் அப்பா ஒரு ஆஸ்பத்திரியில் பத்தொன்பது நாள் கிடந்தார். ராத்திரிகளில் நான் காவல். அந்த வார்டில் ஒரு ஆயா, ஐம்பது வயதுக்குள் இருக்கும். அப்பாவைப் புரட்டிப் படுக்கவைக்கவும் பெட்பேன் எடுக்கவும் வருவாள். வேலை ஓய்ந்த பிறகு என் பெஞ்சுக்குப் பக்கத்தில் தரையில் உட்காருவாள். அவள் வாழ்க்கையில் நடந்த ஒன்றை நான்கைந்து ராத்திரிகளில் பகுதி பகுதியாகச் சொன்னாள். என்ன என்று இங்கே எழுதப்போவதில்லை. நான் குறுக்கே பேசவே இல்லை. "நீங்க ஒருத்தருதான் தம்பி காது குடுத்துக் கேக்கறீங்க" என்றாள். ஆல்மா எலிசபெத்திடம் ஏறக்குறைய இதையேதான் சொல்கிறாள், இதுவரை யாரும் தன் பேச்சைக் கேட்டதில்லை என்று.

நான்கு மாதம் கழித்து அது கதையாக வந்தது. எட்டுப் பக்கம். பெயரை மாற்றியிருந்தேன், ஊரை மாற்றியிருந்தேன். மாற்றக் கூடாத ஒன்றை மாற்றவில்லை, ஏனென்றால் கதையே அதுதான். மூத்த எழுத்தாளர் ஒருவர் 'கூர்மையான அவதானிப்பு' என்று போஸ்ட் கார்டு போட்டார். அந்தக் கார்டு இன்னும் இருக்கிறது. அந்த அம்மாள் கதையைப் படிக்கவில்லை. அவளுக்கு எழுத்துக் கூட்டத் தெரியுமா என்பதுகூட எனக்குத் தெரியாது. பத்தொன்பது நாளில் நான் கேட்கவில்லை. முந்நூறு பிரதிதான் அச்சாகிறது என்பதை நாமெல்லாம் ஒரு துக்கமாகப் பேசிக்கொள்கிறோம். எனக்கு அது பாதுகாப்பாக இருந்தது. என் உறை ஒட்டியிருந்தது.

அப்படியானால் எழுதவே கூடாதா என்று கேட்பார்கள். அப்படி நான் சொல்லவில்லை. சொல்ல எனக்கு யோக்கியதையும் இல்லை. அதற்குப் பிறகும் எழுதிக்கொண்டுதான் இருக்கிறேன். பெர்க்மனும் ஆல்மாவின் பேச்சை எடுத்து உலகத்துக்கே காட்டினவர்தான். காட்டும்போது கடிதத்தையும் சேர்த்துக் காட்டினார், கடிதத்தைப் படித்தவளின் முகத்தையும் காட்டினார், காமிராவையும் அதன் பின்னால் இருப்பவர்களையும்கூட ஒரு கணம் காட்டினார். அவ்வளவு கணக்கு ஒப்புவித்த பிறகும் தன்னை விடுவித்துக்கொள்ளவில்லை. நாம் கணக்கே காட்டாமல் 'மௌனம்' என்று தலைப்புப் போட்டுவிடுகிறோம்.

ஆல்மாவைத் தெய்வமாக்குகிறேன் என்று யாராவது சொல்வதற்கு முன்னால்: அவள் சில்லை விட்டுவைத்தவள். அடுப்பில் கொதிக்கும் தண்ணீரைத் தூக்கி எலிசபெத்தின் மேல் ஊற்றப் போனவள். நல்லவேளை, அந்த இடத்தில் எலிசபெத் பேசிவிட்டாள். வேண்டாம் என்று அலறினாள். கட்டுரையில் நான்கு பக்கம் வரும் 'சொல்லுக்கு அப்பாற்பட்ட வெளி' ஒரு பாத்திரம் வெந்நீரில் முடிந்துபோயிற்று. பெர்க்மனுக்கு நகைச்சுவை இல்லை என்று யார் சொன்னது?

கடைசியில் எலிசபெத் மேடைக்குத் திரும்பிவிட்டதாக ஒரு கணநேரக் குறிப்பு வருகிறது. டாக்டர் சொன்னபடியே. ஆல்மா வீட்டை ஒழுங்கு செய்கிறாள், நாற்காலிகளை உள்ளே கொண்டுபோகிறாள், பெட்டியை எடுத்துக்கொண்டு சாலைக்கு வருகிறாள். பஸ் வருகிறது, ஏறிக்கொண்டு போகிறாள். தனியாக. கார்பன் குச்சிகள் விலகி வெளிச்சம் அணைகிறது. இரண்டு பேரும் ஒருத்தியாகிவிட்டார்கள் என்றால் பஸ்ஸில் போகிறவள் யார்?

கட்டுரையாளர் பதில் எழுதுவார் என்று ஆசிரியர் சொன்னார். எழுதட்டும். சென்ற கட்டுரையில் எலிசபெத்தின் பெயர் எழுபத்தாறு இடங்களில் வருகிறது. பென்சிலால் கோடு போட்டு எண்ணினேன். ஆல்மாவின் பெயர் நான்கு இடங்களில். அதில் ஒன்று அச்சுப்பிழை.